பதினாலு சதவீதம்: பிரான்ஸும் மினிடெல்லும்

உலக நாடுகளின் இணையப் பயன்பாட்டுப் பட்டியல் ஒன்றைக் கொஞ்ச நாளாக நோண்டிக்கொண்டிருக்கிறேன். ஐநாவின் அங்கமான சர்வதேசத் தொலைத்தொடர்பு ஒன்றியம், சுருக்கமாக ஐடியு, வருடாவருடம் தொகுத்துத் தருகிற பட்டியல். நூறு பேரில் எத்தனை பேர் இணையம் பயன்படுத்துகிறார்கள் என்று நாடுவாரியாக இருக்கும். உலக வங்கி தளத்தில் இருப்பதும் இதே எண்கள்தான். அதில் 2000ஆம் வருடத்தை மட்டும் தனியாக எடுத்து, தசமத்தைத் தள்ளிவிட்டுப் பார்த்தால் இப்படி இருக்கிறது: ஸ்வீடன் 46, தென் கொரியா 45, அமெரிக்கா 43, ஜெர்மனி 30, பிரிட்டன் 27, இத்தாலி 23, பிரான்ஸ் 14. (இந்தியா அரை சதவீதம். அதை விடுங்க, அது வேற கதை.)

பிரான்ஸ் பதினாலா? பிரிட்டனோடு சேர்ந்து கான்கார்ட் விமானம் பறக்கவிட்ட நாடு. அன்றைக்கு மின்சாரத்தில் முக்கால் பங்கை அணு உலையிலிருந்து எடுத்த நாடு. 1989லேயே மணிக்கு 300 கிலோமீட்டர் வேகத்தில் பயணிகள் ரயில் ஓட்டிய நாடு. இத்தாலியைவிட எப்படிக் கீழே போச்சு?

இதற்கு வழக்கமாக வரும் பதில் ஒரே வார்த்தை: மினிடெல். இணையம் வருவதற்கு முன்னாடியே பிரெஞ்சுக்காரர்கள் சொந்தமாக ஒன்று வைத்திருந்தார்கள், அதைக் கட்டிக்கொண்டு அழுததால் இணையத்தைத் தவறவிட்டார்கள் என்பது கதை. இந்தப் பதில் பாதி சரி. எனக்கு சுவாரசியம் மீதிப் பாதியில்தான்.

1960களில் பிரான்ஸின் தொலைபேசி நிலைமை ஏறக்குறைய நம்ம ஊர் 80கள் மாதிரி. பாதி நாடு போன் கனெக்‌ஷனுக்குக் காத்திருக்கிறது, மீதிப் பாதி டயல் டோனுக்குக் காத்திருக்கிறது என்று அங்கே ஒரு ஜோக் உண்டு. ஃபெர்னான் ரேனோ என்ற நகைச்சுவை நடிகர் 1950களில் செய்த ஒரு துணுக்கு இன்றும் பிரபலம். பாரீஸில் இருக்கிற ஒருவர், பக்கத்திலேயே இருக்கும் ஆனியேர் என்ற ஊரின் 22ஆம் நம்பரைக் கேட்பார். லைன் கிடைக்கவே கிடைக்காது. கடைசியில் நியூயார்க்கைக் கூப்பிட்டு, அங்கிருந்து ஆனியேர் 22ஐக் கேட்பார்.

1974ல் ஜிஸ்கார் தெஸ்தேன் ஜனாதிபதி ஆனார். அதே வருடம் ழெரார் தெரி என்ற பொறியாளர் தொலைத்தொடர்பு இயக்குநரகத்தின் தலைவர் ஆனார். இந்தப் பெயரை ஞாபகம் வச்சுக்குங்க, இருபது வருடம் கழித்துத் திரும்ப வருவார். அரசு பணத்தைக் கொட்டியது. 1970களின் நடுவில் சுமார் 70 லட்சமாக இருந்த தொலைபேசி இணைப்புகள் 1980களின் தொடக்கத்தில் 2 கோடியைத் தொட்டன. நாடு முழுக்கக் குழி தோண்டி செப்புக் கம்பி புதைத்தார்கள். ஏழெட்டு வருடத்தில் மூன்று மடங்கு!

கம்பியைப் புதைத்த பிறகு இரண்டு தலைவலி வந்தது. முதலாவது, போட்ட பணம் திரும்பி வரணும் என்றால் மக்கள் அந்தக் கம்பியை இன்னும் அதிகமாகப் பயன்படுத்தணும். இரண்டாவது டைரக்டரி. 2 கோடி இணைப்புக்கு வருடாவருடம் தலையணை சைஸில் புத்தகம் அச்சடிக்க வேண்டும். அச்சாகி வீட்டுக்கு வரும்போதே அதில் பாதி விவரம் பழசாகியிருக்கும். அப்போது ஒருவர் கணக்குப் போட்டார்: புத்தகத்துக்குப் பதிலாக வீட்டுக்கு ஒரு சின்ன டெர்மினலை இலவசமாகவே கொடுத்துவிட்டால் என்ன?

இந்த இடத்தில் எனக்கு அவர்கள் மேல் பெரிய மரியாதை வருகிறது. ஏனென்றால் இதே காலத்தில் பிரிட்டன் தபால் துறை பிரெஸ்டெல் என்று கிட்டத்தட்ட இதே சேவையை 1979லேயே தொடங்கிவிட்டது. ஜெர்மனி 1983ல் பில்ட்ஷிர்ம்டெக்ஸ்ட் என்று ஒன்று கொண்டுவந்தது. இரண்டு இடத்திலும் கருவியை மக்களே காசு கொடுத்து வாங்கவோ வாடகைக்கு எடுக்கவோ வேண்டும். உள்ளே சேவை இல்லாததால் மக்கள் வாங்கவில்லை. மக்கள் வாங்காததால் சேவை நடத்தவும் ஆள் வரவில்லை. பிரெஸ்டெல் ஒரு லட்சம் சந்தாவைத் தொடாமலேயே முடிந்துபோனது. பிரான்ஸ் இந்த முடிச்சை அவிழ்க்க உட்காரவில்லை, வெட்டியே விட்டது. டைரக்டரி செலவு என்ற கணக்கில் லட்சக்கணக்கான டெர்மினல்களைச் சும்மா கொடுத்தது.

பின்னணியில் அரசியலும் இருந்தது. 1978ல் சிமோன் நோரா, அலென் மின்க் என்ற இரண்டு அதிகாரிகள் சமூகத்தைக் கணினிமயமாக்குவது பற்றி ஜனாதிபதிக்கு ஓர் அறிக்கை கொடுத்தார்கள். அரசு அறிக்கையாக இருந்தும் புத்தகமாக வந்து சக்கைப்போடு போட்டது. அதன் சாரம்: ஐபிஎம் மாதிரி அமெரிக்கக் கம்பெனிகள் கையில் தகவல் வலையமைப்பு போய்விட்டால் நாட்டின் இறையாண்மையே கேள்விக்குறி. தொலைத்தொடர்பையும் கணினியையும் சேர்த்து 'தெலெமாத்திக்' என்று ஒரு புதுச் சொல்லையும் அவர்கள் உருவாக்கினார்கள். இன்றைக்கு எந்த நாட்டு டேட்டா எந்த நாட்டு சர்வரில் இருக்கிறது என்று நடக்கிற சண்டையெல்லாம் அந்த அறிக்கையில் ஏற்கெனவே இருக்கிறது.

1980ல் பிரெட்டனி பகுதியின் சேன் மாலோவில் ஒரு சில டஜன் வீடுகளில் டைரக்டரி சோதனை நடந்தது. 1981ல் பாரீஸ் பக்கம் வெலிசியில் 2,500 வீடுகளில் மற்ற சேவைகளையும் சோதித்தார்கள். உடனே பத்திரிகைகள் கொதித்தன. வரி விளம்பரம்தான் மாகாணப் பத்திரிகைகளின் சோறு. வீடு வாடகை, பழைய கார் விளம்பரமெல்லாம் திரைக்குப் போய்விட்டால்? உவெஸ்ட்-பிரான்ஸ் பத்திரிகை முன்னால் நின்று எதிர்த்தது. கடைசியில் சமரசமாக ஒரு விதி வந்தது: முக்கியமான கட்டண எண்ணான 3615ல் கடை போட வேண்டும் என்றால் பதிவு பெற்ற பத்திரிகையாக இருக்க வேண்டும். அதனால் என்ன ஆச்சு? பேருக்கு ஒரு பத்திரிகை தொடங்கி, நாலு பக்கம் அச்சடித்து, அந்தப் பதிவைக் காட்டி மினிடெல் சேவை தொடங்க ஒரு கூட்டம் கிளம்பியது. லைசென்ஸ் இருக்கிற இடத்தில் எல்லாம் இது நடக்கும் போல.

கருவி எப்படி இருந்தது? பழுப்பு நிறப் பெட்டி, 9 அங்குலத் திரை, வரிக்கு 40 எழுத்து, மடக்கி மூடுகிற விசைப்பலகை. உள்ளேயே மோடம். வருவது நொடிக்கு 1200 பிட், போவது வெறும் 75 பிட். ஒருவர் தட்டச்சு செய்யும் வேகத்துக்கு 75 பிட் போதும் என்று துணிந்து முடிவு செய்திருக்கிறார்கள். டவுன்லோடு அதிகம், அப்லோடு குறைவு என்று பிறகு ஏடிஎஸ்எல் செய்த அதே சமரசம்தான் இது. விசைகளில் 'அனுப்பு', 'அடுத்து', 'திரும்பு', 'பட்டியல்', 'உதவி' என்று முழு வார்த்தையே பொறித்திருந்தது. கணினியைத் தொட்டே பார்க்காத பாட்டிக்கும் புரியும். போனை எடுத்து 3615 சுழற்ற வேண்டும், கீச்சென்று சத்தம் வந்ததும் இணைப்பு விசையைத் தட்ட வேண்டும், சேவையின் பெயரை அடிக்க வேண்டும். அவ்வளவுதான்.

1984ல் வந்த கியோஸ்க் முறைதான் மினிடெல்லின் மூளை என்பேன். பயனர் எந்தச் சேவையிலும் பதிவு செய்ய வேண்டாம், அட்டை நம்பர் கொடுக்க வேண்டாம். நிமிடத்துக்குச் சுமார் ஒரு ஃபிராங்க், மாதக் கடைசியில் போன் பில்லில் சேர்ந்து வரும். எந்தச் சேவையில் எவ்வளவு நேரம் இருந்தீர்கள் என்ற விவரம் பில்லில் இருக்காது, மொத்தத் தொகை மட்டும்தான். வீட்டில் சண்டை வராமல் இருக்க நல்ல ஏற்பாடு! வசூலில் மூன்றில் ஒரு பங்கைத் தொலைபேசித் துறை எடுத்துக்கொண்டு, மீதியைச் சேவை நடத்துபவருக்குக் கொடுக்கும். ஆப்பிள் 2008ல் ஆப் ஸ்டோர் திறந்து 30 சதவீதம் எடுத்ததற்கு 24 வருடம் முன்னாடி ஓர் அரசுத் துறை கிட்டத்தட்ட அதே பங்கை எடுத்திருக்கிறது.

மக்கள் என்ன செய்தார்கள்? ரயில் டிக்கெட் பதிவு செய்தார்கள் (நமக்கு ஐஆர்சிடிசி 2002ல்தான்). வங்கி இருப்புப் பார்த்தார்கள், லா ரெதூத் மாதிரி தபால் வழிக் கடைகளில் துணிமணி வாங்கினார்கள், பரீட்சை முடிவு பார்த்தார்கள். ஆனால் கொட்டிக் கொடுத்தது இதெல்லாம் இல்லை, அரட்டை. ஸ்ட்ராஸ்பூர் நகரப் பத்திரிகை ஒன்று கிரெடெல் என்ற சேவை நடத்தியது. அதில் தடுமாறுகிற பயனருக்கு உதவ, நடத்துபவர்கள் திரைக்குச் செய்தி அனுப்ப ஒரு வசதி வைத்திருந்தார்கள். அதைப் பயனர்களே கண்டுபிடித்து ஒருவரோடு ஒருவர் பேச ஆரம்பித்துவிட்டார்கள். நடத்துபவர்கள் அதை அடைக்கவில்லை, அதையே சேவையாக மாற்றினார்கள். அங்கிருந்து புனைபெயரில் பேசுகிற கலாசாரம் நாடு முழுக்கப் பரவியது. அதில் பெரும்பங்கு 'ரோஜா நிற மினிடெல்' என்று அழைக்கப்பட்ட சரச அரட்டை. 3615 உல்லா என்ற சேவையின் போஸ்டர் பாரீஸ் சுவர்களில் ஒட்டியிருந்தது. 1985 ஜூனில் இந்த அரட்டைக் கூட்டம் தாங்காமல் அடியில் ஓடிய டிரான்ஸ்பாக் வலையமைப்பே படுத்துவிட்டது. அதே வலையமைப்பை நம்பியிருந்த கம்பெனிகளின் வேலையும் நின்றது. 1986 டிசம்பரில் பல்கலைக்கழக மசோதாவை எதிர்த்து மாணவர்கள் தெருவில் இறங்கியபோது, லிபெராசியோன் நாளிதழின் மினிடெல் சேவை வழியாகத் தகவல் பரிமாறிக்கொண்டார்கள். சமூக ஊடகம் வழி போராட்டம் என்று 2011ல் உலகமே பேசியதற்கு 25 வருடம் முன்னாடி.

1990களின் நடுவில் சுமார் 65 லட்சம் மினிடெல்கள், 25,000க்கும் குறையாத சேவைகள். இப்போது பட்டியலுக்குத் திரும்புவோம். ஐடியு வரையறைப்படி இணையப் பயனர் என்றால் கடைசி மூன்று மாதத்தில் எங்கிருந்தாவது, எந்தக் கருவியிலாவது இணையத்தைப் பயன்படுத்தியவர். மினிடெல் இணையம் இல்லை, எனவே கணக்கில் வராது. அது சரியான வரையறைதான், குறை சொல்லவில்லை. ஆனால் 2000ல் வீட்டில் உட்கார்ந்து ரயில் டிக்கெட் எடுத்து, வங்கிக் கணக்கு பார்த்து, முகம் தெரியாதவரோடு இரவெல்லாம் பேசிய ஒரு லியோன் நகரத்துக்காரர் இந்தப் பட்டியலில் பூஜ்யம். மாதத்துக்கு ஒரு தடவை ஆபீஸில் ஈமெயில் திறந்த ஜெர்மன்காரர் ஒன்று. 14 என்ற எண் அளப்பது ஒரு குறிப்பிட்ட நெறிமுறையின் பரவலை. மக்கள் வலையமைப்பு வழியே எவ்வளவு வாழ்ந்தார்கள் என்பதை அது அளக்கவில்லை.

அப்படியானால் மினிடெல்லும் இணையமும் வேறுபடுவது எங்கே? இதற்குப் பதில் 1970களிலேயே பிரான்ஸுக்குள் நடந்த ஒரு சண்டையில் இருக்கிறது. மென்பொருள் எழுதிப் பிழைக்கிறவன் என்பதால் இந்தப் பகுதியை நான் கொஞ்சம் நீட்டுவேன், பொறுத்துக்குங்க.

லூயி பூஸான் என்ற பொறியாளர் அரசு ஆராய்ச்சி நிறுவனமான இரியாவில் சிக்லாட் என்ற வலையமைப்பைக் கட்டினார். 1973ல் அது இயங்கிக் காட்டியது. அமெரிக்காவின் அர்பாநெட்டில், பாக்கெட்டுகளை வரிசை மாறாமல் தொலையாமல் சேர்ப்பது வலையமைப்பின் பொறுப்பு. பூஸான் அதைத் தலைகீழாக்கினார். வலையமைப்பு முட்டாளாக இருக்கட்டும். ஒவ்வொரு பாக்கெட்டும் தபால் அட்டை மாதிரி, தன் விலாசத்தைத் தானே சுமந்துகொண்டு, கிடைத்த வழியில் போகட்டும். தொலைந்தால் திரும்ப அனுப்புவதும், வரிசை மாறினால் அடுக்குவதும் இரண்டு முனையிலும் இருக்கிற கணினிகளின் வேலை. இதுக்குப் பெயர் டேட்டாகிராம். அவருடைய குழுவில் இருந்த ழெரார் லெ லான் 1973ல் ஸ்டான்ஃபோர்டு போய் வின்ட் செர்ஃப் அணியோடு வேலை பார்த்தார். செர்ஃபும் பாப் கானும் 1974ல் வெளியிட்ட கட்டுரையிலிருந்து டிசிபி/ஐபி வளர்ந்தது. அதில் பூஸான் குழுவின் யோசனைகளுக்குப் பங்கு உண்டு என்று செர்ஃப் தயங்காமல் சொல்லியிருக்கிறார்.

ஆனால் சொந்த ஊரில் தொலைத்தொடர்புத் துறைக்கு இது பிடிக்கவில்லை. அவர்கள் ஆசைப்பட்டது விர்ச்சுவல் சர்க்யூட். அதாவது ட்ரங்க் கால் மாதிரி: முதலில் இந்த முனையிலிருந்து அந்த முனைக்கு ஒரு பாதையை ஒதுக்கணும், எல்லாம் அதிலேயே வரிசையாகப் போகணும், பொறுப்பு நடுவில் இருக்கிற துறையுடையது. பொறுப்பு நடுவில் இருந்தால் பில்லும் நடுவில்தானே! இந்த முறை எக்ஸ்.25 என்ற பெயரில் 1976ல் சர்வதேசத் தரமானது. 1978ல் டிரான்ஸ்பாக் அதன் மேல் திறக்கப்பட்டது. சிக்லாட்டுக்கு நிதி நின்றது, சில வருடத்தில் அணைத்தே விட்டார்கள். மினிடெல் ஓடியது டிரான்ஸ்பாக் மேல்தான்.

எக்ஸ்.25 மட்டமான தொழில்நுட்பம் என்று எழுதினால் அது அநியாயம். 1200 பிட் லைனில், விலை மலிந்த டெர்மினலை வைத்துக்கொண்டு, வீட்டுக்கு வீடு நம்பகமாக ஒரு சேவை கொடுக்க அன்றைக்கு அதுதான் சரி. முனையில் முட்டாள் பெட்டி இருக்கும்போது புத்தி நடுவில்தான் இருக்க முடியும். சிக்கல் பிறகு வந்தது. மினிடெல்லில் சேவை நடத்தும் சர்வர்கள் தனியாருடையவை, எங்கே வேண்டுமானாலும் இருக்கலாம். ஆனால் வாசல் ஒன்றுதான், வாசலில் அனுமதி கொடுக்கிற ஆள் ஒருவர்தான். இணையத்தில் 1991ல் டிம் பெர்னர்ஸ்-லீ தன் வலைத் திட்டத்தை வெளியே விட யாரிடமும் லைசென்ஸ் கேட்கவில்லை. அவர் வேலை பார்த்த செர்ன் வளாகமே பாதி பிரான்ஸ் மண்ணில் இருக்கிறது என்பது இந்தக் கதையின் இன்னொரு கிண்டல்.

1994ல் நம்ம ழெரார் தெரி திரும்ப வருகிறார். தகவல் நெடுஞ்சாலைகள் பற்றி அரசுக்கு ஓர் அறிக்கை எழுதச் சொன்னார்கள். இணையம் வணிகச் சேவைகளுக்கு ஏற்ற அமைப்பு இல்லை என்பது அதில் அவர் சொன்ன கருத்து. இதை எடுத்துப் போட்டு இன்றும் அவரைக் கிண்டல் செய்கிறார்கள். எனக்கு அது நியாயமாகப் படவில்லை. 1994ல் இணையத்தில் பணம் வாங்க வழி இல்லை, பாதுகாப்பு இல்லை, விலாசப் புத்தகம் இல்லை. மினிடெல்லில் இதெல்லாம் பத்து வருடமாக ஓடிக்கொண்டிருந்தது. கையில் இருப்பது நன்றாக ஓடும்போது அரைகுறையாக இருக்கிற புதுசை நம்புவது கஷ்டம். நன்றாக ஓடுகிற பழைய சிஸ்டத்தை மாற்றச் சொல்லி மேலிடத்தில் பேசிப் பார்த்த யாருக்கும் இது தெரியும். மூன்று வருடம் கழித்து, 1997 ஆகஸ்டில், பிரதமர் ழோஸ்பான் ஊர்த்தான் என்ற ஊரில் பேசும்போது, பிரான்ஸுக்குள்ளேயே அடங்கிய பழைய தொழில்நுட்பமான மினிடெல் புதியவற்றுக்குத் தடையாகலாம் என்று வெளிப்படையாகச் சொன்னார்.

உண்மையிலேயே தடையாக இருந்ததா? எண்களை வைத்து என்னால் முடிந்த அளவு உரசிப் பார்த்தேன். ஐரோப்பா முழுக்க அப்போது லோக்கல் காலுக்கும் நிமிடக் கணக்கில் காசு. அமெரிக்காவில் மாதத்துக்கு ஒரே தொகை. அதனால் அமெரிக்காவோடு ஒப்பிடுவதில் அர்த்தம் இல்லை. அதே நிமிடக் கட்டணம் இருந்த ஜெர்மனி 30. அப்போ மினிடெல்தான் காரணமா? சரி, மினிடெல் அளவுக்கு எதுவுமே வேரூன்றாத ஸ்பெயின் என்ன? அதுவும் 14. ஆனால் ஸ்பெயின் அன்றைக்கு பிரான்ஸைவிட வருமானம் குறைந்த நாடு, எனவே அதை வைத்து மினிடெல்லை விடுதலை செய்யவும் முடியாது. 2005ல் ஜெர்மனி 69, பிரிட்டன் 70, ஸ்பெயின் 48, பிரான்ஸ் 43. ஆக, பணக்கார நாடாக இருந்தும் ஐந்து வருடமாகப் பின்தங்கியே இருந்தது. மினிடெல் இழுத்துப் பிடித்தது என்றே நான் தீர்ப்புச் சொல்வேன். பயனருக்கு அவசரம் இல்லை, தொலைபேசி நிறுவனத்துக்கு நிமிடத்துக்கு நிமிடம் வருமானம், சேவை நடத்துபவருக்கு வசூல் உறுதி. மூன்று பேருக்கும் வலிக்காத ஓர் ஏற்பாட்டை யார் கலைப்பார்?

கலைத்ததும் அதே ஏற்பாட்டில் வளர்ந்த ஒரு ஆள்தான். ஸாவியே நியெல் பதின்வயதில் ரோஜா நிற மினிடெல் சேவைகளில் தொழில் கற்றவர். எண்ணைக் கொடுத்தால் பெயரைச் சொல்லும் தலைகீழ் டைரக்டரி ஒன்றை 3617ல் நடத்திக் காசு பார்த்தார். அதற்கான டேட்டா எங்கிருந்து? அரசின் 3611 டைரக்டரியில் முதல் 3 நிமிடம் இலவசம். நிறைய மினிடெல்களை வரிசையாக இணைத்து, 3 நிமிடத்துக்குள் எடுத்து, துண்டித்து, மறுபடி இணைத்து நாட்டின் டைரக்டரியையே நகல் எடுத்தார். வெப் ஸ்க்ரேப்பிங் என்று பெயர் வைப்பதற்கு முன்னாடி நடந்த ஸ்க்ரேப்பிங்.

அவருடைய ஃப்ரீ நிறுவனம் 2002ல் ஏடிஎஸ்எல் இணைப்பை மாதம் 29.99 யூரோவுக்கு, நேரக் கணக்கில்லாமல், கொடுக்க ஆரம்பித்தது. பழைய அரசுத் தொலைபேசி நிறுவனத்தின் கம்பியைப் போட்டியாளர்களும் வாடகைக்கு எடுக்க ஒழுங்குமுறை ஆணையம் வழி செய்திருந்ததால்தான் இது முடிந்தது. மற்ற நிறுவனங்களும் அந்த விலைக்கு இறங்க வேண்டி வந்தது. அந்தக் கம்பியில் பெரும்பகுதி 1970களில் தெரி காலத்தில் புதைத்தது. 2010 பட்டியலில் பிரான்ஸ் 77, அமெரிக்கா 72.

லூயி பூஸானுக்கு 2013ல், செர்ஃப், கான், பெர்னர்ஸ்-லீ, மார்க் ஆண்ட்ரீசன் ஆகியோரோடு சேர்த்து, பிரிட்டனின் ராணி எலிசபெத் பொறியியல் பரிசு கிடைத்தது. அதற்கு முந்தைய வருடம் 2012 ஜூன் 30ஆம் தேதி மினிடெல்லை நிறுத்தினார்கள். அதுவரைக்கும் விடாமல் பயன்படுத்தியவர்களில் பிரெட்டனி பக்கத்து பால் பண்ணைக்காரர்களும் இருந்தார்கள். பசு பருவத்துக்கு வந்தால் ஊசி போடுகிறவரை வரவழைக்க, மாடு செத்துப்போனால் அப்புறப்படுத்தச் சொல்லித் தகவல் கொடுக்க, தொழுவத்துப் பக்கம் அந்தப் பழுப்புப் பெட்டியையே வைத்திருந்தார்கள்.